மா வீழ்ந்தது! எந்த மா?

'ஆறு' என்ற ஒரே ஒரு சொல்லைத் தாளில் எழுதி ஒருவரிடம் நீட்டினால் அவர் என்ன புரிந்துகொள்வார்? எண்ணா, நதியா? 'ஆறு பேர் வந்தார்கள்' என்றால் எண். 'ஆறு பெருகி ஓடுகிறது' என்றால் நதி. 'புண் ஆறிவிடும்' என்றால் குணமாகிவிடும். 'பால் ஆறட்டும்' என்றால் சூடு தணியட்டும். தமிழ் பேசும் வீட்டில் வளரும் ஐந்து வயதுக் குழந்தை இவற்றில் எதிலும் தடுமாறுவதில்லை. ஆனால் கணினிக்கு இது பல ஆண்டுகளாகப் பெரும் தலைவலியாக இருந்தது. மொழியியலில் சொற்பொருளியல் என்ற துறையும், இயந்திர மொழிபெயர்ப்பும் சந்திக்கும் இடம் இதுதான்.

தொல்காப்பியரின் இரண்டு விதிகள்

சொற்பொருளியல் மேல்நாட்டில் பிறந்த புதிய துறை என்று பலர் நினைக்கிறார்கள். 'செமாண்டிக்' என்ற பெயரை பிரெஞ்சு அறிஞர் மிஷெல் பிரேயால் 1883-ல் சூட்டினார் என்பது உண்மைதான். ஆனால் சிக்கலும் அதைப் பற்றிய சிந்தனையும் மிகப் பழையவை. தொல்காப்பியத்தின் சொல்லதிகாரத்தில் முதல் இயலான கிளவியாக்கமே இதைப் பேசுகிறது.

பல பொருள் தரும் ஒரு சொல்லைத் தொல்காப்பியர் இரண்டு வகையாகப் பிரிக்கிறார். வினையால் வேறுபடுவது ஒன்று, வேறுபடாதது மற்றொன்று. உரையாசிரியர்கள் இதற்கு 'மா' என்ற சொல்லைக் காட்டுவார்கள். மா என்றால் மாமரம். விலங்கையும் மா என்பதுண்டு. 'மா பூத்தது' என்றால் சந்தேகமே இல்லை, மரம்தான். இப்படிப்பட்ட இடங்களில் வினையாலும், இனத்தாலும், சார்பாலும் பொருள் தானே தெளிந்துவிடும். இது முதல் விதி.

'மா வீழ்ந்தது' என்றால்? மரமும் விழும், விலங்கும் விழும். வினை இங்கே கைகொடுக்காது. அப்போது இன்னது என்று வெளிப்படையாகச் சொல்லிவிட வேண்டும் என்பது இரண்டாவது விதி.

முதல் விதியைக் கணினி நன்றாகவே கற்றுக்கொண்டுவிட்டது. இரண்டாவது விதியை அது இன்னும் கற்கவில்லை. இன்றைய மொழிபெயர்ப்பின் பெரிய குறையே இதுதான்.

பெட்டியும் பேனாவும்

1949-ல் அமெரிக்க அறிஞர் வாரன் வீவர் இயந்திர மொழிபெயர்ப்பைப் பற்றி ஒரு குறிப்பு எழுதினார். துளையிட்ட அட்டை ஒன்றைப் புத்தகத்தின் மேல் வைத்து, ஒரு சமயத்தில் ஒரு சொல் மட்டும் தெரியும்படி படித்தால் அதன் பொருளை முடிவு செய்ய முடியாது. துளையை அகலமாக்கி இரு பக்கத்திலும் சில சொற்கள் தெரியும்படி செய்தால் பொருள் விளங்கும் என்றார். தொல்காப்பியரின் முதல் விதியே வேறு உருவில் வந்தது போல இருக்கிறது அல்லவா?

1954-ல் ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகமும் ஐபிஎம் நிறுவனமும் 250 சொற்கள், 6 இலக்கண விதிகளைக் கொண்டு 60-க்கும் மேற்பட்ட ரஷ்ய வாக்கியங்களை ஆங்கிலத்துக்கு மாற்றிக் காட்டின. சில ஆண்டுகளில் வேலை முடிந்துவிடும் என்று உற்சாகம் பிறந்தது. 1960-ல் யெஹோஷுவா பார்-ஹில்லல் அந்த உற்சாகத்துக்கு ஒரு சிறிய வாக்கியத்தால் கடிவாளம் போட்டார்: பெட்டி 'பென்'னுக்குள் இருந்தது. ஆங்கிலத்தில் 'பென்' என்றால் பேனா. குழந்தையை விளையாட விடும் சிறிய தடுப்புக்கும் அதே பெயர். பேனாவுக்குள் பெட்டி நுழையாது என்பது எந்த அகராதியிலும் எழுதியிருக்காது. அது உலக அறிவு. அது இல்லாத கணினிக்கு முழுமையான மொழிபெயர்ப்பு கைகூடாது என்பது அவர் வாதம். 1966-ல் வெளிவந்த அல்பாக் அறிக்கைக்குப் பிறகு அமெரிக்காவில் இந்த ஆய்வுக்கு நிதியும் சுருங்கியது.

பிறகு காற்று திசை மாறியது. ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் உள்ள கனடா நாடாளுமன்ற நடவடிக்கைக் குறிப்புகளை ஒப்பிட்டு, எந்தச் சொல்லுக்கு எது இணையாக வருகிறது என்று ஐபிஎம் ஆய்வாளர்கள் கணக்கிட்டார்கள். 2013-ல் சொற்களை அவற்றின் அண்டைச் சொற்களை வைத்தே எண்களாக மாற்றும் 'வேர்ட்டுவெக்' வந்தது. 2017-ல் 'டிரான்ஸ்ஃபார்மர்' வந்தது. வீவரின் அட்டைத் துளை இன்று பல பக்கங்கள் அகலத்துக்கு விரிந்துவிட்டது. பார்-ஹில்லலின் பெட்டியைக்கூட இன்றைய கணினி பெரும்பாலும் சரியான இடத்தில் வைத்துவிடுகிறது.

இனி சொற்பொருளியல் எதற்கு?

இப்படிக் கேட்பவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். அக்கம்பக்கத்தில் இல்லாத செய்தியை எத்தனை பக்கம் படித்தாலும் கண்டுபிடிக்க முடியாது. 'மை பிரதர் கேம்' என்ற ஆங்கில வாக்கியத்தைத் தமிழில் எப்படி எழுதுவது? வந்தவர் அண்ணனா, தம்பியா? ஆங்கிலம் அதைச் சொல்லவில்லை. வீட்டில் யாரும் 'சகோதரர் வந்தார்' என்று பேசுவதுமில்லை. நல்ல மொழிபெயர்ப்பாளர் எழுதியவரிடம் கேட்பார். கணினியோ ஒன்றை எடுத்துப் போட்டுவிட்டுப் போய்க்கொண்டே இருக்கும். இதுவும் ஒரு 'மா வீழ்ந்தது'தான்!

முன்பு கணினி தவறு செய்தால் வாக்கியம் உடைந்து கிடக்கும், படிப்பவர் உஷாராகிவிடுவார். இன்று தவறும் அழகான தமிழில் வருகிறது. ஆபத்து அங்கேதான் இருக்கிறது.

கதையில் அண்ணன் தம்பியானால் சிரித்துவிடலாம். மருத்துவ அறிக்கையில்? பரிசோதனை முடிவு 'பாசிட்டிவ்' என்றால் தேடிய நோய் இருக்கிறது என்று பொருள். அதை 'நேர்மறை' என்று மாற்றினால் அகராதிப்படி சரி. ஆனால் 'நேர்மறை எண்ணம்', 'நேர்மறைச் சிந்தனை' என்றே அந்தச் சொல்லைக் கேட்டுப் பழகிய ஒரு தாய், 'முடிவு நேர்மறையாக உள்ளது' என்று படித்தால் நல்ல செய்தி என்று நிம்மதி அடையக்கூடும். நீதிமன்ற ஆங்கிலத்தில் 'லீவ் கிராண்டட்' என்றால் மேல்முறையீட்டுக்கு அனுமதி கிடைத்தது என்று பொருள். அதை 'விடுப்பு வழங்கப்பட்டது' என்று மொழிபெயர்த்தால் வழக்குப் போட்டவர் என்ன செய்வார்?

என்ன செய்யலாம்?

முதலாவது, சந்தேகம் வந்தால் கணினி கேட்க வேண்டும். 'அண்ணனா, தம்பியா?' என்று ஒரு வரி கேட்பதால் யாருக்கும் நேரம் வீணாகாது. மருத்துவம், சட்டம் போன்ற துறைகளில் ஐயத்துக்குரிய சொல்லை அடையாளமிட்டுக் காட்டுவதையே கட்டாயமாக்கலாம்.

இரண்டாவது, எந்த இடத்தில் சந்தேகப்பட வேண்டும் என்பதைக் கணினிக்கு யாராவது சொல்லித்தர வேண்டும். 1985-ல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ஜார்ஜ் மில்லர் தொடங்கிய 'வேர்ட்நெட்' சொற்களைப் பொருள் வாரியாகப் பிரித்துத் தொகுத்தது. அதன் வழியில் உருவான 'இந்தோவேர்ட்நெட்'டில் தமிழும் உண்டு. அந்த வேலை பொதுச் சொற்களோடு நின்றுவிடக் கூடாது. மருத்துவமனையிலும் நீதிமன்றத்திலும் பத்திரப் பதிவிலும் புழங்கும் சொற்கள் மக்கள் காதில் என்ன பொருளில் விழுகின்றன என்பதையும் தொகுக்க வேண்டும். இதைக் கணினி மாணவர்கள் தனியாகச் செய்ய முடியாது. தமிழும் மொழியியலும் படிக்கும் மாணவர்கள் பக்கத்தில் உட்கார வேண்டும்.

ஊகிக்கத் தெரிந்த கணினி நமக்குக் கிடைத்துவிட்டது. 'மா வீழ்ந்தது' என்றதும் 'எந்த மா?' என்று திருப்பிக் கேட்கும் கணினி வரும்போதுதான் மொழிபெயர்ப்பை நம்பி மருந்து வாங்கவும் கையெழுத்துப் போடவும் முடியும்.