அப்பீல் போட்டாச்சு... அப்புறம்?



பள்ளிவாசல் நிலமோ, கப்ருஸ்தான் இடமோ கீழ்க்கோர்ட்டில் கைவிட்டுப் போய்விட்டது என்ற செய்தி வந்ததும் ஜமாஅத் கூடுகிறது. தொகை வசூலாகிறது. நல்ல வக்கீலாகப் பார்த்து மேல்முறையீடு தாக்கல் செய்கிறோம். 'அப்பீல் போட்டாச்சு' என்ற நிம்மதியோடு கலைந்து விடுகிறோம். அதன்பின் அந்தக் கட்டு எந்த வாய்தாவில் நிற்கிறது என்று விசாரிப்பவர் நம்மில் எத்தனை பேர்?

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41 ஆவது கட்டளை, 17 ஆவது விதியைக் கேளுங்கள். விசாரணைக்கு அழைக்கும்போது மேல்முறையீட்டாளர் ஆஜராகாவிட்டால் நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்யலாம். நம் பக்கம் நியாயம் இருக்கிறதா என்று அப்போது பார்க்கவே மாட்டார்கள். எதிரியின் தீர்ப்பு அப்படியே நிலைத்துவிடும்.

மீட்க வழியுண்டு. தக்க காரணம் காட்டி 30 நாட்களுக்குள் மனுச் செய்ய வேண்டும். தவறினால் தாமதத்தை மன்னிக்கக் கோரி இன்னொரு மனு. வக்கீல் வராததற்காகக் கட்சிக்காரரைத் தண்டிக்கலாகாது என்று 1981 இல் ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் மேல்முறையீட்டுக்கு மறுஉயிர் கொடுத்தது உண்மைதான். ஆனால் கட்சிக்காரரும் சேர்ந்து தூங்கியிருந்தால்? (குற்றவியல் மேல்முறையீடு வேறு. ஆஜராகவில்லை என்பதற்காக மட்டும் அதைத் தள்ளக்கூடாது என்று 1996 இல் பானி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது.)

நம் நெஞ்சை உறுத்துவது இதுதான். வக்ஃபு சொத்தின் உரிமை பற்றிய வழக்கில் வாரியத்தின் அனுமதியின்றி சமரசம் செய்யக்கூடாது என்கிறது 1995 ஆம் ஆண்டு வக்ஃபு சட்டத்தின் 93 ஆவது பிரிவு. வாய்தாவுக்குப் போகாமல் இருக்கவோ எவருடைய அனுமதியும் தேவையில்லை! கையெழுத்தில்லாமல், சாட்சியில்லாமல் ஒரு சொத்தை விட்டுக்கொடுக்க இதைவிடச் சுலபமான வழி ஏது? எல்லா முத்தவல்லிகளையும் சந்தேகிக்கவில்லை. கடையைப் பூட்டிவிட்டுக் கோர்ட் வராந்தாவில் கால்கடுக்க நிற்கும் முத்தவல்லிகளும் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பஸ் சார்ஜ்கூட நாம் கொடுப்பதில்லை.

வக்ஃபு சொத்தை மீட்கும் வழக்குக்குக் காலவரம்பு இல்லை என்ற 107 ஆவது பிரிவு ஒரு காலத்தில் நமக்குத் துணையாக இருந்தது. 2025 ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் அதை நீக்கிவிட்டது. தீர்ப்பாயத்தின் உத்தரவை எதிர்த்து 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய அதே திருத்தம் வழி தந்திருக்கிறது. வழி இருந்து என்ன? நடக்க ஆள் வேண்டுமே!

ஒவ்வொரு வழக்குக்கும் 16 இலக்க சி.என்.ஆர். எண் உண்டு. வக்கீலிடம் கேட்டு வாங்கிக்கொண்டால் அடுத்த வாய்தா என்றைக்கு என்பதைச் செல்பேசியிலேயே உங்கள் பிள்ளைகள் பார்த்துச் சொல்லிவிடுவார்கள். ஜும்ஆவுக்குப் பின் வரவு செலவு வாசிக்கும் மஹல்லாக்களில், சென்ற வாய்தாவில் யார் ஆஜரானார், அடுத்தது எப்போது என்ற இரண்டு வரிகளையும் சேர்த்து வாசிக்கச் சொல்லுங்கள். வருகிற வெள்ளிக்கிழமையே கேளுங்கள், இன்ஷா அல்லாஹ்.