பேர் விழாதவர்கள்

சிறை இலக்கியத்துக்கென்று ஒரு சிற்றிதழ் தனியிதழ் கொண்டுவந்திருக்கிறது. உழைப்பில் குறை சொல்ல ஒன்றுமில்லை. சைபீரியா, நாஜி முகாம்கள், அந்தமான், நம் நாட்டு வதைகூடங்கள் என்று பரப்பு பெரிது. ஜப்பானியரிடம் சிறைப்பட்டவர்களுக்கும் சில பக்கங்கள் உண்டு. ஆனால் சயாம் மரண ரயிலில் மாண்ட தமிழர்களுக்குக் கிடைத்திருப்பது ஓர் அடிக்குறிப்பு. அவர்கள் கூலி பேசிப் போனவர்களாம், ஆகவே கைதி என்ற வகைக்குள் வரமாட்டார்களாம். அதைப் படித்த நாளிலிருந்து இந்தத் தலையங்கத்துக்கென்று வைத்திருந்த விஷயங்கள் எல்லாம் தள்ளிப்போய்விட்டன.

தாய்லாந்தின் நோங் பிளாடுக்கிலிருந்து பர்மாவின் தான்பியூசயாட் வரை ஜப்பானியர் போட்ட அந்த ரயில்பாதை 415 கிலோமீற்றர். 1942 நடுவில் தொடங்கி 1943 ஒக்டோபரில் முடித்தார்கள். வேலை செய்த நேச நாட்டுப் போர்க்கைதிகள் 60,000க்கு மேல், அவர்களில் இறந்தவர்கள் 12,000க்கு மேல். பர்மியர், ஜாவானியர், மலாயாத் தமிழர் என்று ஆசியத் தொழிலாளர் ஏறத்தாழ 2 லட்சம். இறந்தவர்கள் 90,000 வரை இருக்கலாம் என்கிறார்கள். மலாயாவிலிருந்து மட்டும் சுமார் 75,000 பேர், பெரும்பாலோர் தமிழர். காஞ்சனபுரியின் போர் மயானத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள் வரிசை பிசகாமல் இருக்கின்றன. வெள்ளைக்காரச் சிப்பாயின் மரணத்துக்கு எண் உண்டு, தேதி உண்டு, பெயர்ப்பலகை உண்டு. நம்மவர்களுக்கு இருப்பதெல்லாம் இந்த ‘சுமார்’தான்.

கூலி பேசியது உண்மையா? முதலில் போனவர்கள் பேசித்தான் போனார்கள். ரப்பர் ஏற்றுமதி நின்று தோட்டங்கள் பட்டினி கிடந்த நேரம். மூன்று மாதக் கொந்தரப்பு, நாளுக்கு ஒரு வெள்ளி, குடும்பத்தோடும் வரலாம் என்றார்கள். மூன்று மாதம் கழிந்தும் போனவர்கள் யாரும் திரும்பவில்லை. அதன் பிறகு எவரும் தாமாகப் போகவில்லை. லொறிகள் வந்தன. இலவசப் படம் காட்டுவதாகக் கூட்டிக் கதவைச் சாத்தி அள்ளிக்கொண்டு போன கதையைத் தப்பி வந்தவர்கள் சொல்லியிருக்கிறார்கள். சாமான் பெட்டிகளில் அடைத்து பான் போங் வரை ரயில், அதற்கப்பால் காட்டுக்குள் நடை. மூங்கில் கீறிய இடம் சில நாளில் எலும்பு தெரியும் குழிப்புண்ணாகும். 1943 மழையோடு வாந்திபேதி வந்தது. போர்க்கைதிகளோடு அவர்களுடைய வைத்தியர்கள் இருந்தார்கள், அதிகாரிகள் இருந்தார்கள், யார் எங்கே செத்தான் என்று ஒளித்து எழுதிவைக்க ஆள் இருந்தது. கூலி முகாமில் இவை ஒன்றுமில்லை. சிங்கப்பூரின் சாங்கியில் அடைபட்டிருந்த கைதிகளிலிருந்து மருத்துவக் குழுக்களை அங்கே அனுப்பியது 1943 நடுப்பகுதிக்குப் பிறகுதான். அதற்குள் முகாம்களில் சாவு பரவிவிட்டிருந்தது.

கூலி வாங்கினால் கைதியில்லை என்று வேறு யாராவது எழுதட்டும், இலங்கை மலையகத்தின் பிள்ளையான அந்த அடிக்குறிப்புக்காரர் எழுதலாமா? துண்டு என்றால் என்னவென்று நம் வீடுகளில் சொல்லிக் கொடுக்கவில்லையா? தொழிலாளி ஒரு தோட்டத்திலிருந்து இன்னொரு தோட்டத்துக்குப் போக, அவன் பெயரில் நிற்கும் கடனைத் தீர்க்கிறேன் என்று இன்னொருவர் ஏற்கவேண்டும். அதுவரை துண்டு என்ற அந்தக் காகிதம் அவனைப் பிடித்து வைத்திருக்கும். சொல்லாமல் ஓடினால் 1865ஆம் ஆண்டுச் சட்டப்படி சிறை. 1921இல்தான் துண்டு ஒழிந்தது. அத்தனை காலமும் அவன் கூலி வாங்கிக்கொண்டுதான் இருந்தான், வேலை நாள் பதியும் செக்ரோலில் அவனுக்குப் பேர் விழுந்துகொண்டுதான் இருந்தது. முள்கம்பி இல்லாமலே ஓர் ஆளைச் சிறை வைக்கலாம் என்பதை விளிம்புநிலை ஆய்வுகள் வந்தா நமக்குச் சொல்லவேண்டும்?

அந்தத் தனியிதழின் அட்டையில் ஒரு மரப்பாலம். 1957இல் வெளிவந்து ஏழு ஒஸ்கார் வாங்கிய டேவிட் லீனின் ‘குவாய் நதிப் பாலம்’ படத்துக்காகக் கட்டியது. ஹட்டனில் கொழும்பு பஸ் ஏறி, கினிகத்தேனை கடந்து இறங்கினால் கித்துல்கல. களனி கங்கையோரம் அந்தப் பாலத்தின் அடித்தளத்துக் கொங்கிரீட் இன்னும் கிடக்கிறது. போன மாதம் அதன்மேல் நின்று பார்த்தேன். காற்று நிரப்பிய படகுகளில் பிள்ளைகள் கூவிக்கொண்டு போனார்கள். எதிர்க்கரையில் காடு. சயாமாக நடித்தது அந்தக் கரைதான். படம் முழுக்கப் பாலம் கட்டுபவர்கள் பிரித்தானியச் சிப்பாய்கள். மண் சுமந்த தமிழன் ஒருவன்கூட அதில் கிடையாது. நம் மலையடிவாரத்தில் எடுத்த படத்திலேயே நம்மவன் இல்லாமல் போனான். அந்தப் படத்தின் பாலத்தை அட்டையில் போட்டு, அவனை உள்ளே அடிக்குறிப்புக்குத் தள்ளியிருப்பதைத்தான் என்னால் தாங்கமுடியவில்லை.

அது மலேசியத் தமிழர் பாடு, நமக்கேன் என்று நண்பர் ஒருவர் கேட்டார். ஒரே ஊரிலிருந்து அண்ணன் மண்டபம் வழியாகக் கண்டிச்சீமைக்கும் தம்பி நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பலேறி மலாயாவுக்கும் போனார்கள். திருச்சி, சேலம், வட ஆர்க்காட்டுக் கிராமங்களில் கங்காணி எந்தப் பக்கம் கைகாட்டினானோ அந்தப் பக்கம். எங்கள் அப்பாயியின் தம்பியும் அப்படிப் போனவர்தான். 1941க்குப் பிறகு அவரிடமிருந்து கடிதம் இல்லை. சாவுச் செய்தியும் வராததால் அப்பாயி கடைசிவரை அவருக்குப் படையலிடவில்லை.

பர்மா ஜப்பானியர் கைக்குப் போனதும் நம் தோட்டங்களில் அரிசிப் படி குறைந்து கோதுமை மா வந்தது. இன்றும் விடியற்காலையில், வேலைக்கு ஆள் பிரிக்கும் பிரட்டுக்குப் போகுமுன், லயத்து அடுப்பில் கல்லில் போட்டுத் தட்டும் ரொட்டிக்கு அந்தப் போரோடு உறவுண்டு. நமக்கு அரிசி அனுப்பிக்கொண்டிருந்த பர்மாவை நோக்கித்தான் நம் தம்பிமார் தண்டவாளம் போட்டுச் செத்தார்கள்.

என் கோபம் அந்த ஓர் இதழோடு நிற்கவில்லை. மண்வாசனை என்று அறுபதுகளில் போட்ட வேலி இன்னும் நம்மைச் சுற்றி நிற்கிறது. தேயிலைச் சரிவுக்கு வெளியே பார்த்தால் மலையக எழுத்தாகாது என்று முற்போக்குக்காரரும் சொன்னார்கள், அவர்களை எதிர்த்தவர்களும் சொன்னார்கள். இருபது வயதில் ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ கைக்கு வந்த இரவு எனக்கு அந்த வேலி சரிந்தது. மெடானும் பினாங்கும் எங்கள் வீட்டுக் கொல்லைப்புறம்போல் திறந்தன. தமிழில் அதற்கு நிகரான போர்க்கால நாவலை நான் படித்ததில்லை. ஆனாலும் அது வணிகரின், சிப்பாயின் உலகம். மண்வெட்டி பிடித்தவனின் காட்டை அவன் பக்கம் நின்று எழுதும் வேலையை மலேசியாவில் தொடங்கிவிட்டார்கள். இங்கே அந்த எழுத்துகளைப் படித்து ஒரு விமர்சனக் கூட்டம் வைத்ததாகக்கூட எனக்கு நினைவில்லை. 2023இல், நம் முன்னோர் வந்த வழியே, தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு நடந்தோம். வழியில் புதைந்தவர்களை நினைத்து அழுதோம். அவர்களுடைய ஊர்களிலிருந்தே மலாயாவுக்குக் கிளம்பிய இன்னொரு வரிசையும் உண்டு என்று அந்த மேடைகளில் ஒருவரும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

அடுத்த இதழிலிருந்து நான்கு பக்கம் ஒதுக்குகிறோம். உங்கள் குடும்பத்தில் மலாயாவுக்குப் போய்த் தகவல் அற்றுப்போனவர் இருந்தால் எழுதியனுப்புங்கள். பெயர், தகப்பன் பெயர், இந்தியாவில் எந்த ஊர், கடைசிக் கடிதம் வந்த ஆண்டு. கடிதம் கையிலிருந்தால் படியெடுத்து அனுப்புங்கள், மூலத்தை அனுப்பவேண்டாம். எழுதத் தெரியாத பெரியவர்களிடம் பேரப்பிள்ளைகள் கேட்டு எழுதலாம். பெயர் மட்டும் தெரியும், வேறொன்றும் தெரியாது என்றாலும் அனுப்புங்கள்.