குற்ற நாடகமும் மறக்கப்பட்ட எழுத்தாளனும்

குற்ற நாடகம் வெறும் பொழுதுபோக்குச் சரக்கு. அதனை எழுதுபவன் கூலிக்கு எழுதுபவன். இவ்விரு கூற்றுகளும் விமர்சனம் என்ற பெயரில் நம்மிடையே உலவி வருகின்றன. பிரித்தானியத் தொலைக்காட்சி எழுத்தாளர் ட்ரோய் கென்னடி மார்ட்டினின் (1932–2009) எழுத்து வாழ்வு இவ்விரண்டையும் பொய்யாக்குகின்றது. ‘த இத்தாலியன் ஜொப்’ (1969) திரைப்படத்தில் நடித்த மைக்கேல் கெய்னை உலகறியும். அதனை எழுதியவர் இவர் என்பதை அறிந்தோர் சிலரே.

1955 முதல் பி. பி. சி. ஒளிபரப்பிய ‘டிக்சன் ஒஃப் டொக் கிறீன்’ தொடரின் பொலிஸ்காரர், ஊரைக் காக்கும் உத்தமர். 1962 இல் கென்னடி மார்ட்டின் உருவாக்கிய ‘இஸட் கார்ஸ்’ அப்படிமத்தை உடைத்தது. அதன் முதல் அங்கத்திலேயே மனைவியை அடித்த பொலிஸ்காரன் ஒருவன் தோன்றினான். பொலிஸ் உயர்பீடம் சினங்கொண்டது. ஆசிரியரோ மேலும் ஒருபடி செல்ல விழைந்தார். குற்றவாளி எப்போதும் பிடிபடத்தான் வேண்டுமா என்பது அவர் எழுப்பிய வினா. அவர் கருத்து ஏற்கப்படாமையால் சில மாதங்களிலேயே தாம் படைத்த தொடரை விட்டு விலகினார். கூலிக்கு எழுதுபவன் இவ்வாறு விலகுவானா?

1964 இல் ‘என்கோர்’ சஞ்சிகையில் அவர் எழுதிய கட்டுரை, தொலைக்காட்சி நாடகம் மேடையின் இயற்பண்புவாதத்துக்கு அடிமைப்பட்டுக் கிடப்பதைச் சாடியது. பேசும் முகங்களை மாறிமாறிக் காட்டுவது நாடகமாகாது என்பது அவர் வாதம். தம் கலையின் கோட்பாட்டையே ஆராய்ந்த ஒருவரை வெறும் கதைத் தொழிலாளி என்பது அறியாமையாகும்.

1985 இல் ஒளிபரப்பான ‘எட்ஜ் ஒஃப் டார்க்னஸ்’ அவ்வாழ்வின் சிகரம். மகளைக் கொன்றவனைத் தேடும் யோர்க்‌ஷயர்ப் பொலிஸ் அதிகாரி கிறேவன், இறுதியில் அணுக்கழிவு நிலையத்தையும் அதனைக் காத்து நிற்கும் அரசின் இரகசியத்தையும் வந்தடைகின்றான். கொலையாளி யார் என்ற கேள்வி, குற்றவாளி தனிமனிதனா, அமைப்பா என்ற கேள்வியாக விரிகின்றது. இதனைப் பொழுதுபோக்கு என்று ஒதுக்குபவர் எதனை இலக்கியம் என்பார்?

தொலைக்காட்சி நாடகம் கூட்டுப்படைப்பு; அதில் எழுத்தாளனை மட்டும் உயர்த்துவது தகுமா என்று சிலர் வினவலாம். கூட்டுப்படைப்பு என்பதை எவரும் மறுக்கவில்லை. நெறியாளர் மார்ட்டின் காம்பெல்லின் ஆற்றலும் கிறேவனாக நடித்த பொப் பெக்கின் ஆற்றலும் பெரியவை. ஆயினும் அதே காம்பெல் 2010 இல் அக்கதையை ஹொலிவூட் படமாக்கினார். நெறியாளர் அவரே, திரைக்கதையை எழுதியோர் வேறு. முந்தியது அரசை விசாரணைக் கூண்டில் ஏற்றியது. பிந்தியது பெரிதும் ஒரு தந்தையின் பழிவாங்கலாகச் சுருங்கிற்று. எழுத்து மாறியபோது பொருளும் மாறியது. இதனிலும் தெளிவான சான்று வேண்டுமோ?

அச்சேறிய நூலுக்கு மட்டுமே ஆசிரியன் உண்டு எனக் கருதும் விமர்சனம், தன் காலத்து மக்கள் எதனைப் பார்த்தனர், எதனால் சிந்தித்தனர் என்பதை அறிய மறுக்கும் விமர்சனமாகும். நாடகத்தை மதிப்பிட முற்படுவோர் முதலில் எழுதியவன் யார் என்று கேட்கப் பழகட்டும்.