இரவல் வீரர் வாங்கித் தந்த கோப்பை!

கூடைப்பந்து விளையாட்டில் ஐரோப்பாக் கண்டத்துக்கு என்று ஒரு பெரிய போட்டி உண்டு. ஆண்களின் தேசிய கோஷ்டிகள் மோதும் போட்டி அது. பெயர் "யூரோபாஸ்கெட்". 1935-ம் ஆண்டு சுவிட்சர்லாந்தில் ஜெனீவா நகரில் அது தொடங்கியது. இப்போது 4 ஆண்டுகளுக்கு ஒரு முறை நடக்கிறது.

இந்தப் போட்டி வந்தால் ஒரு சண்டையும் கூடவே வந்துவிடுகிறது.

"அயல் நாட்டுக்காரருக்கு அவசரம் அவசரமாகப் பிரஜா உரிமை கொடுக்கிறார்கள். அவரை வைத்து ஜெயிக்கிறார்கள். இது நியாயமா?"

இதுதான் அந்தச் சண்டை.

கேட்கவேண்டிய கேள்விதான். நாட்டின் பெயரால் வாங்கும் கோப்பையை, அந்த நாட்டுப் பிள்ளைகள் அல்லவா வாங்கவேண்டும்?

சட்டம் என்ன?

சர்வதேச கூடைப்பந்து சம்மேளனம் இதற்கு ஒரு சட்டம் வைத்திருக்கிறது. ஒரு கோஷ்டியில் 12 பேர். 16 வயதுக்குப் பிறகு பிரஜா உரிமை வாங்கியவர், அந்த 12 பேரில் ஒருவர் மட்டுமே இருக்கலாம்.

"ஒருவர்தானே?" என்று தோன்றலாம். ஆனால் கூடைப்பந்தில் ஒருவர் என்பது சாதாரணம் அல்ல. களத்தில் ஒரு பக்கத்துக்கு 5 பேர்தான் நிற்பார்கள். கூடை தொங்குவதோ 10 அடி உயரத்தில்! கெட்டிக்கார ஆட்டக்காரர் ஒருவர் புதிதாக வந்தால் ஆட்டமே மாறிவிடும்.

2022-ம் ஆண்டு ஸ்பெயின் கோஷ்டியில் லொரென்சோ பிரவுன் என்ற அமெரிக்கர் ஆடினார். அவருக்கு ஸ்பெயின் பிரஜா உரிமை கிடைத்தது அதே ஆண்டு ஜூலை மாதத்தில். போட்டி நடந்தது செப்டம்பரில்! ஸ்பெயினிலேயே எதிர்ப்பு கிளம்பியது. ஆனால் பெர்லின் நகரில் நடந்த இறுதிப் பந்தயத்தில் ஸ்பெயின் 88-76 என்று பிரான்சைத் தோற்கடித்தது. கோப்பையும் கிடைத்தது.

அதற்கு முன், 2017-ம் ஆண்டு ஸ்லோவேனியா ஜெயித்தது. அந்தக் கோஷ்டியிலும் ஆண்டனி ராண்டால்ப் என்ற அமெரிக்கர் இருந்தார்.

அப்படியானால் இதைத் தடுத்துவிடலாமா?

அவசரப்படக் கூடாது. இது இன்று நேற்று வந்த வழக்கம் அல்ல. 80 ஆண்டுகளுக்கு முன்பே ஒரு சின்ன நாடு இப்படிச் செய்தது. அந்தக் கதையைத் தெரிந்துகொண்டு தீர்ப்புச் சொல்லலாம்.

லிதுவேனியா கதை

பால்டிக் கடல் ஓரத்தில் இருப்பது லிதுவேனியா. ஜனத்தொகை இன்று 30 லட்சத்துக்கும் குறைவு. 1935-ம் ஆண்டு முதல் போட்டியில் இந்த நாடு கலந்துகொள்ளவே இல்லை. கோப்பையை வாங்கியது பக்கத்து நாடான லாட்வியா.

லிதுவேனியா மக்கள் பலர் பிழைப்புக்காக அமெரிக்கா போயிருந்தார்கள். அவர்களுடைய பிள்ளைகள் அங்கேயே பிறந்து, அங்கேயே கூடைப்பந்து கற்றவர்கள். கூடைப்பந்தின் பிறப்பிடமே அமெரிக்காதான். 1891-ம் ஆண்டு ஜேம்ஸ் நைஸ்மித் என்ற ஆசிரியர் அதைக் கண்டுபிடித்தார்.

"அந்தப் பிள்ளைகளைக் கூப்பிட்டால் என்ன?" என்று லிதுவேனியா நினைத்தது. கூப்பிட்டது. அவர்களும் வந்தார்கள்.

1937-ம் ஆண்டு லாட்வியாவின் ரிகா நகரில் போட்டி. இறுதிப் பந்தயத்தில் லிதுவேனியா 24, இத்தாலி 23. ஒரே ஒரு பாயிண்டில் வெற்றி!

1939-ம் ஆண்டு மே மாதம் லிதுவேனியாவிலேயே, கௌனாஸ் நகரில் போட்டி நடந்தது. அதற்கென்றே ஒரு மண்டபம் கட்டினார்கள். அப்போது நாட்டின் நிலைமை சரியாக இல்லை. இரண்டு மாதங்களுக்கு முன்புதான் ஹிட்லர் மிரட்டி, அவர்களுடைய கிளைபேடா துறைமுகத்தைப் பிடுங்கிக்கொண்டார். மனம் நொந்து கிடந்த மக்களுக்கு இந்தப் போட்டி ஓர் ஆறுதல்.

அந்தக் கோஷ்டியின் தூண் பிராங்க் லூபின். லிதுவேனியா மக்கள் அவரைப் பிரானாஸ் லூபினாஸ் என்று அழைத்தார்கள். லாஸ் ஏஞ்சல்சில் பிறந்தவர். தாய் தந்தை லிதுவேனியாக்காரர்கள். ஆறரை அடி உயரம். 1936-ம் ஆண்டு பெர்லின் ஒலிம்பிக்கில் அமெரிக்காவுக்காக ஆடித் தங்கப் பதக்கம் வாங்கியவர்!

லாட்வியாவுடன் நடந்த பந்தயத்தில், கடைசி நேரத்தில் லூபினாஸ் பந்தைக் கூடைக்குள் போட்டார். லிதுவேனியா 37, லாட்வியா 36. மறுபடியும் ஒரே பாயிண்டு! ஆடிய 7 பந்தயங்களிலும் லிதுவேனியாவுக்கே வெற்றி.

மற்ற நாடுகள் சும்மா இருக்குமா? "இவர்கள் அமெரிக்கர்கள்!" என்று ஆட்சேபித்தன.

ஆள் போனார், ஆட்டம் போகவில்லை

அந்த ஆட்சேபத்துக்குச் சரியான பதில் அன்று கிடைக்கவில்லை. பல ஆண்டுகள் கழித்தே கிடைத்தது.

1939-ம் ஆண்டு செப்டம்பரில் யுத்தம் மூண்டது. லூபினாஸ் அமெரிக்கா திரும்பினார். 1940-ல் சோவியத் படை லிதுவேனியாவுக்குள் நுழைந்தது. நாட்டின் பெயரே உலகப் படத்திலிருந்து மறைந்தது.

இரவல் வீரர்கள் போய்விட்டார்கள். சுதந்திரமும் போய்விட்டது. கூடைப்பந்தும் போயிருக்கவேண்டும் அல்லவா?

போகவில்லை!

ஏன்? வந்தவர்கள் ஆடியதோடு நிற்கவில்லை. உள்ளூர் இளைஞர்களுக்குக் கற்றுக்கொடுத்தார்கள். மண்டபமும் அங்கேயே நின்றது. கற்றவர்கள் அடுத்தவர்களுக்குக் கற்றுக்கொடுத்தார்கள்.

1947-ம் ஆண்டு சோவியத் யூனியன் முதல் முறையாக ஐரோப்பியக் கோப்பையை வாங்கியது. அந்தக் கோஷ்டியில் லிதுவேனியா இளைஞர்கள் ஆடினார்கள்.

கௌனாஸ் நகரின் "ஜல்கிரிஸ்" கிளப் 1985, 1986, 1987 என்று மூன்று ஆண்டுகள் தொடர்ந்து சோவியத் சாம்பியன் ஆயிற்று. 1939-ல் கட்டிய அந்த மண்டபம்தான் அப்போது அதன் வீடாக இருந்தது. 7 அடிக்கு மேல் உயரமான அர்விதாஸ் சபோனிஸ் அந்த ஊர்ப் பிள்ளை.

1990-ல் லிதுவேனியா தன் சுதந்திரத்தை மீண்டும் அறிவித்தது. 1992-ம் ஆண்டு பார்சிலோனா ஒலிம்பிக்கில் சொந்தக் கொடியோடு ஆடி, வெண்கலப் பதக்கம் வாங்கியது.

2003-ம் ஆண்டு சுவீடன் நாட்டில் யூரோபாஸ்கெட். இறுதிப் பந்தயத்தில் லிதுவேனியா 93, ஸ்பெயின் 84. 64 ஆண்டுகளுக்குப் பிறகு கோப்பை திரும்பி வந்தது! இந்த முறை ஆடியவர்கள் லிதுவேனியா மண்ணில் பிறந்த பிள்ளைகள்.

எது தவறு?

ஆகவே, வெளியிலிருந்து ஆள் அழைப்பது தவறு அல்ல. அழைத்த ஆளை என்ன செய்கிறோம் என்பதே கேள்வி.

லூபினாஸ் தாய் தந்தையரின் நாட்டுக்கு வந்தவர், இன்றைய ஆட்டக்காரர்கள் அப்படி அல்ல என்று சிலர் சொல்லலாம். உண்மைதான். ஆனால் ரத்த உறவு மட்டும் கூடைப்பந்தை வளர்த்துவிடாது. லூபினாஸ் ஆடிவிட்டு மட்டும் போயிருந்தால், 1939-ம் ஆண்டு வெற்றி ஒரு பழைய செய்தியாகவே முடிந்திருக்கும்.

ஸ்லோவேனியாவையும் பார்க்கவேண்டும். 2017 இறுதிப் பந்தயத்தில் 35 பாயிண்டு எடுத்தவர் அந்த நாட்டுப் பிள்ளை கோரான் டிராகிச். 18 வயது லூகா டான்சிச்சும் சொந்தப் பிள்ளையே. சொந்த வீட்டில் சமையல் தயாராக இருந்தது. உப்பு மட்டுமே பக்கத்து வீட்டில் வாங்கினார்கள். அதில் குறை சொல்ல முடியாது.

அடுப்பையே மூட்டாமல், சாப்பாட்டையே கடன் வாங்கும் நாடு உண்டானால், அதைத்தான் கண்டிக்கவேண்டும். பள்ளிக்கூடத்தில் பந்து இல்லை, மைதானம் இல்லை, கற்றுக்கொடுக்க ஆள் இல்லை. கோப்பைக்கு மட்டும் அயல் நாட்டு வீரர் என்றால், அந்த வெற்றி ஒரு நாள் கூத்து!

"இரவல் சேலையை நம்பி இடுப்புக் கந்தையை எறியாதே" என்று நம் பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்?

சம்மேளனம் தன் சட்டத்தில் இன்னும் ஒன்று சேர்க்கலாம். பிரஜா உரிமை வாங்கி ஆடுகிற வீரர், அந்த நாட்டுச் சிறுவர்களுக்குச் சில மாதங்களாவது ஆட்டம் சொல்லிக்கொடுக்கவேண்டும் என்று விதி செய்யலாம். அப்போது வீரர் ஊர் திரும்பினாலும் வித்தை ஊரிலேயே தங்கும்.

கோப்பையை அலமாரியில் பூட்டி வைக்கலாம். ஆனால் சிறுவர்கள் கற்ற ஆட்டத்தை, படையோடு வந்தவர்களாலும் லிதுவேனியாவிலிருந்து எடுத்துப் போக முடியவில்லை.