வாட்சைக் கழட்டச் சொன்ன கேமரா

ஏற்காட்டுக்கு 'ஆதி ஆன்மீகம்' தேடி ஒரு ஆவணப்படக்காரர் வந்தார். மே மாதம், சேர்வராயன் குகைக்கோயில் திருவிழா நேரம். தமிழ் எம்.ஏ. படிச்சவன், மலை தெரிஞ்சவன் என்று என்னைப் பேச்சுத்துணைக்குக் கூட்டிப் போனார்கள். கூலி பேசித்தான் போனேன். மறைக்கல.

சாமி கும்பிட வந்த மலையாளிப் பழங்குடிப் பெரியவர் ஒருவர். "அந்த வாட்சக் கழட்டச் சொல்லுங்க" என்றார் படக்காரர். அப்புறம் சட்டை. அப்புறம் பேரனோட பிளாஸ்டிக் செருப்பு. "எதுக்கு தம்பி, சாமிக்கு ஆகாதா?" என்று பெரியவர் கேட்டார். அந்தக் கேள்வியை நான் மொழிபெயர்க்கல. அதுதான் இன்னும் உறுத்துது.

இது புதுசில்லை தோழர்களே. 1909இல் ஏழு தொகுதி போட்ட எட்கர் தர்ஸ்டன் நம்ம சனங்களோட மூக்கையும் மண்டையையும் அளந்தார். 1986இல் ராபர்ட் கார்ட்னர் காசியில் 'ஃபாரஸ்ட் ஆஃப் பிளிஸ்' எடுத்தார். பிணம் எரிக்கிற டோம்கள் அதில் வேலை செய்றாங்க, பேசறாங்க. ஆனா சப்டைட்டில் கிடையாது. நாம பேசறது அவங்களுக்கு வெறும் சத்தம். இதைக் கவித்துவம் என்று கொண்டாடினவர்கள் உண்டு.

'தொலைதூரக் கலாச்சாரம்' என்கிறார்கள். யாருக்குத் தொலைவு? சேலத்திலிருந்து முப்பது கிலோமீட்டர் சொச்சம். 1820களிலேயே கலெக்டர் காக்பர்ன் இங்கே காப்பி போட்டாச்சு. இந்த மலையைத் தோண்டி பாக்சைட் மேட்டூர் அலுமினிய ஆலைக்குப் போச்சு. காப்பிக்கும் அலுமினியத்துக்கும் பக்கத்தில் இருந்த மலை, கேமராவுக்கு மட்டும் எப்படித் தூரமாச்சு?

வழியில் எங்கம்மா காப்பிப் பழம் பறிச்ச எஸ்டேட்டின் லைன் வீடுகள். "இங்கயும் ஒரு மாரியம்மா இருக்கா, வாங்க" என்றேன். "அது லேபர் இஷ்யூ, நம்ம படம் ஸ்பிரிச்சுவாலிட்டி" என்றார். வண்டி நிக்கல. சேரிச்சாமிக்கு ஆன்மீகமும் கிடையாதாம்!

1992 ஜூன் 20. சித்தேரி மலையடிவாரம், வாச்சாத்தி. அங்கே இருப்பதும் இதே மலையாளிச் சனம்தான். வனத்துறையும் போலீசும் ஊரையே சூறையாடி, 18 பெண்களை வன்புணர்ந்த ஊர். வழக்கில் 269 பேர். 2011 தீர்ப்பில் உயிரோடிருந்த 215 பேரும் குற்றவாளிகள். 2023இல் உயர்நீதிமன்றம் அதை உறுதி செய்தது. முப்பத்தோரு வருஷம் கோர்ட்டுப் படி ஏறின அந்தப் பெண்களை எந்தத் 'தொன்மை'யில் வைப்பீங்க?

கேமராவே வேண்டாம்னு சொல்லல. 1999இல் மாஞ்சோலைத் தொழிலாளிகளுக்காகத் திருநெல்வேலியில் ஊர்வலம் போனவர்களில் 17 பேர் தாமிரபரணிக் கரையில் செத்தபோது, ஆர்.ஆர். சீனிவாசன் 'நதியின் மரணம்' எடுத்தார். 2017இல் திவ்யபாரதி 'கக்கூஸ்' எடுத்தார். அதிலெல்லாம் சனம் பேசுது. பேசறது நமக்குக் கேக்குது.

படமெடுக்க வர்றவங்க வரட்டும். வாட்சோட, சட்டையோட, கூலிப் பாக்கியோட எங்களைப் படமெடுக்கட்டும். அன்னைக்கு விட்டதை இப்போ மொழிபெயர்க்கிறேன். பெரியவர் கேட்டது இதுதான்: நாங்க இருக்கிறபடி இருந்தா உங்களுக்கு ஏன் ஆகல?