காஜியைத் தேர்ந்தெடுப்பவர் யார்?



மதுரைப் பெரியார் பேருந்து நிலையத்திலிருந்து நடந்தே சென்றுவிடும் தொலைவில் காஜிமார் தெரு இருக்கிறது. காஜி என்றால் நீதிபதி. ஒரு நகரின் நடுவே நீதிபதிகளின் பெயரால் ஒரு தெரு அமைந்திருப்பது எளிய செய்தியன்று. பாண்டிய மன்னர் ஒருவர் காஜி செய்யிது தாஜுத்தீன் அவர்களுக்கு நிலம் வழங்க, அங்கே பெரிய பள்ளிவாசல் எழுந்தது என்பது நம் முன்னோர் வழிவழியாகச் சொல்லிவரும் செய்தி. தீர விசாரியாமல் ஒருவனைக் கொன்று, பின் உண்மையறிந்து உயிர்விட்ட பாண்டியனின் கதையும் இதே மதுரைக்கு உரியதுதான். நீதியின் பெருமையும் நீதி தவறுவதன் கேடும் இவ்வூர் மண்ணுக்குப் புதியவை அல்ல.

அண்மையில் ஒரு நாள் மக்ரிப் தொழுகைக்குப் பின் முதியவர் ஒருவர் நம்மிடம் வந்தார். அவருடைய ஊர் வக்ஃபு நிலத்தைப் பற்றிய வழக்கு உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் நடக்கிறது. "ஹஜ்ரத், கேஸு புது ஜட்ஜுகிட்ட போயிருக்காம். அவரு எப்படிப்பட்டவரு? துஆ செய்யுங்க" என்றார். அருகில் ஓதிக்கொண்டிருந்த மாணவர் ஒருவர் நிமிர்ந்து, "அந்த ஜட்ஜை யாரு ஹஜ்ரத் தேர்ந்தெடுக்குறாங்க?" என்று கேட்டார்.

பெரியவரின் கேள்விக்கு துஆவே விடை. மாணவரின் கேள்விக்கு ஒரு வரியில் விடை சொல்ல இயலவில்லை. நம் குடும்பங்கள் அனைத்தும் அறிந்திருக்க வேண்டிய செய்தி அது என்பதால் இங்கே எழுதுகிறோம்.

ஒரு சொல்லின் மேல் நின்ற சட்டம்

1880ஆம் ஆண்டின் காஜிகள் சட்டத்தை நம்மில் சிலர் அறிந்திருக்கலாம். அரசு ஒரு பகுதிக்குக் காஜியை நியமிக்கும் முன் அப்பகுதியின் முக்கிய முஸ்லிம்களைக் கலந்தாலோசிக்க வேண்டும் என்கிறது அது. வழக்கைத் தீர்க்கும் அதிகாரம் எதையும் அச்சட்டம் காஜிக்கு வழங்கவில்லை. இருப்பினும் கலந்தாலோசனை என்ற சொல் அதில் இருக்கிறது.

நம் அரசியலமைப்புச் சட்டமும் இதே சொல்லின் மேல்தான் நிற்கிறது. உச்சநீதிமன்ற நீதிபதிகளைக் குடியரசுத் தலைவர் நியமிப்பார், அதற்குமுன் இந்தியத் தலைமை நீதிபதியைக் கலந்தாலோசிப்பார் என்பது 124ஆம் பிரிவு. உயர்நீதிமன்றங்களுக்கு 217ஆம் பிரிவு. கலந்தாலோசித்தபின் அந்த ஆலோசனையை ஏற்றே ஆக வேண்டுமா, அல்லது கேட்டுவிட்டுத் தம் விருப்பப்படி செய்யலாமா? சட்டம் இதைத் திறந்தே விட்டது. கடந்த முக்கால் நூற்றாண்டுச் சச்சரவு முழுவதும் இந்த ஒரு கேள்விதான்.

1949 மே மாதம் அரசியல் நிர்ணய சபையில் இது விவாதிக்கப்பட்டபோது சென்னை மாகாணத்தின் முஸ்லிம் உறுப்பினர் பி. போக்கர் சாகிப் ஒரு திருத்தம் கொண்டுவந்தார். ஆலோசனை மட்டும் போதாது, தலைமை நீதிபதியின் இசைவும் வேண்டும் என்றார். டாக்டர் அம்பேத்கர் அதை ஏற்கவில்லை. தலைமை நீதிபதியும் மற்றவர்களைப் போலக் குறைகளும் விருப்பு வெறுப்புகளும் உள்ள மனிதரே, அவர் கையில் மறுப்பதிகாரத்தை ஒப்படைப்பது ஆபத்து என்பது அவரது விடை. இருவர் அச்சத்திலும் உண்மை இருந்தது என்பதைப் பின்வந்த காலம் காட்டிற்று.

அரசின் கை ஓங்கிய காலம்

1973 ஏப்ரலில் கேசவானந்த பாரதி வழக்கின் தீர்ப்பு வந்தது. அரசியலமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பை நாடாளுமன்றம் மாற்ற முடியாது என்று பெரும்பான்மை நீதிபதிகள் கூறினர். அந்தச் சூடு ஆறுமுன், பெரும்பான்மைப் பக்கம் நின்ற ஷெலத், ஹெக்டே, குரோவர் ஆகிய மூன்று மூத்த நீதிபதிகளையும் தாண்டி, எதிர்ப்பக்கம் நின்ற ஏ.என். ரே தலைமை நீதிபதியாக்கப்பட்டார்.

1976இல், நெருக்கடி நிலையின்போது, சிறையிலடைக்கப்பட்டவர் தம் விடுதலைக்காக நீதிமன்றத்தை அணுகலாமா என்ற வழக்கில் ஐவரில் நால்வர் இயலாது என்றனர். எச்.ஆர். கன்னா ஒருவரே மாறுபட்டார். 1977 சனவரியில் தலைமை நீதிபதி பதவி அவருக்கு மறுக்கப்பட்டது. அது எம்.எச். பேக் அவர்களுக்குச் சென்றது. கன்னா பதவி விலகினார்.

இங்கே நாம் சற்று நின்று சிந்திக்க வேண்டும். பேக் முஸ்லிம் பெயர் கொண்டவர். அந்த வழக்கில் அரசின் பக்கம் நின்ற நால்வரில் அவரும் ஒருவர். சிறையில் கிடந்தவர்களின் உரிமைக்காகப் பேசிய ஒற்றைக் குரலோ கன்னாவுடையது. அன்று சிறைப்பட்டவர்களுள் நம்மவர்களும் இருந்தனர். "நம் ஆள் ஒருவர் அங்கே இருந்தால் போதும்" என்று திண்ணைகளில் பேசும் நாம் இதை மறத்தலாகாது.

அடுத்த நிகழ்வு நமக்கு இன்னும் நெருக்கமானது. நாகூரில் பிறந்த நீதிபதி மு.மு. இஸ்மாயில், கம்பனைக் கற்றுத் தோய்ந்தவராகத் தமிழுலகம் அறிந்தவர். நெருக்கடி நிலைக் காலத்தில் சென்னை மத்தியச் சிறையில் நடந்த கொடுமைகளை விசாரித்த ஆணையம் அவர் பெயராலேயே அறியப்படுகிறது. 1979இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் தலைமை நீதிபதியானார். 1981 சனவரியில் அவரைக் கேரளத்திற்கு மாற்றி ஆணை வந்தது. பாட்னாவின் தலைமை நீதிபதியைச் சென்னைக்கு மாற்றும் ஆணையும் உடன் வந்தது. இஸ்மாயில் கேரளம் செல்லவில்லை. அவ்வாண்டே பதவியைத் துறந்தார். இந்த இடமாற்றங்களையும் உள்ளடக்கியதே 1981 டிசம்பரில் தீர்ப்பான எஸ்.பி. குப்தா வழக்கு. முதல் நீதிபதிகள் வழக்கு என்று சட்டம் படிப்போர் அதைச் சொல்வர். கலந்தாலோசனை என்றால் இசைவு அன்று, இறுதிச் சொல் அரசுடையதே என்று அதில் முடிவாயிற்று.

கதவு மூடிய அறை

1993இல் ஒன்பது நீதிபதிகள் அமர்ந்து அந்த முடிவை மாற்றினர். தலைமை நீதிபதியும் மூத்த நீதிபதிகளும் சேர்ந்து சொல்லும் கருத்தே மேலோங்கும் என்றனர். 1998இல் அந்தக் குழு விரிவாக்கப்பட்டு, உச்சநீதிமன்ற நியமனங்களுக்குத் தலைமை நீதிபதியும் நான்கு மூத்த நீதிபதிகளும் என்று வரையறுக்கப்பட்டது. கொலீஜியம் என்று செய்தித்தாள்கள் எழுதுவது இதைத்தான். போக்கர் சாகிப் 1949இல் கேட்டு மறுக்கப்பட்டது, 44 ஆண்டுகளுக்குப் பின் தீர்ப்பின் வழியாக வந்து சேர்ந்தது.

அரசின் பிடி தளர்ந்தது. ஆனால் அம்பேத்கர் அஞ்சியதும் உடன் வந்தது. நீதிபதிகளே நீதிபதிகளைத் தேர்ந்தெடுக்கின்றனர். எவர் பெயர் ஏன் எடுக்கப்பட்டது, எவர் பெயர் ஏன் விடப்பட்டது என்பதை மக்கள் அறிய வழியில்லை. 2014இல் நாடாளுமன்றம் தேசிய நீதித்துறை நியமன ஆணையத்தைக் கொண்டுவந்தது. ஆறு உறுப்பினர்களில் மூவர் நீதிபதிகள், ஒருவர் சட்ட அமைச்சர், இருவர் வெளியிலிருந்து வரும் சான்றோர். இருவர் எதிர்த்தாலே பெயர் விழுந்துவிடும் என்ற விதி இருந்ததால், நீதித்துறையின் சுதந்திரம் கெடும் என்று கூறி 2015 அக்டோபர் 16 அன்று உச்சநீதிமன்றம் நான்குக்கு ஒன்று என்ற கணக்கில் அதை நீக்கியது. மாறுபட்ட நீதிபதி செலமேஸ்வர், பழைய முறையில் வெளிப்படைத்தன்மை இல்லை என்று வெளிப்படையாகவே எழுதினார்.

ஒரே நாளில் இரண்டு பெயர்கள்

இவை டெல்லிச் செய்திகள் என்று எண்ண வேண்டாம். 2023 சனவரி 17 அன்று கொலீஜியம் சென்னை உயர்நீதிமன்றத்திற்கான பெயர்களை முடிவு செய்தது. அவற்றுள் இரண்டைப் பார்ப்போம்.

ஒருவர் வழக்கறிஞர் ஜான் சத்யன். முந்தைய ஆண்டே பரிந்துரைக்கப்பட்டவர். பிரதமரை விமர்சித்த ஒரு கட்டுரையையும், மருத்துவ மாணவியாகும் கனவு கலைந்து உயிர்நீத்த அனிதாவைப் பற்றிய ஒரு பதிவையும் அவர் பகிர்ந்திருந்ததாக உளவுத்துறை குறிப்பு எழுதியிருந்தது. அது அவரது தகுதியைக் குறைக்காது என்று கூறிக் கொலீஜியம் அவர் பெயரை மீண்டும் அனுப்பியது. பின்னர் பரிந்துரைக்கப்பட்டவர்கள் பதவியேற்றனர். அவர் பெயர் அப்படியே இருந்தது. அவ்வாண்டு மார்ச்சில் கொலீஜியமே இதனைக் கவலையோடு குறிப்பிட்டது.

மற்றொருவர் மதுரைக் கிளையில் ஒன்றிய அரசுக்காக வாதாடிய வழக்கறிஞர் விக்டோரியா கௌரி. சிறுபான்மையினரைக் குறித்து அவர் முன்னர்ப் பேசியவற்றைச் சுட்டிக்காட்டிச் சென்னை வழக்கறிஞர்கள் சிலர் எதிர்ப்புத் தெரிவித்து உச்சநீதிமன்றம் சென்றனர். தகுதி வேறு, பொருத்தம் வேறு, பொருத்தத்தை நீதிமன்றம் ஆராயாது என்று கூறி, பிப்ரவரி 7 அன்று அம்மனு தள்ளுபடியானது. அன்றே அவர் பதவியேற்றார். அவர் இன்று பதவியிலிருக்கும் நீதிபதி. அவருடைய தீர்ப்புகளை எடைபோடுவது நம் நோக்கமன்று. சட்டப்படி அமர்ந்த நீதிபதிக்குரிய மரியாதையை நாம் தந்தே ஆக வேண்டும்.

நம் கேள்வி முறையைப் பற்றியது. ஒருவரின் பகிர்வுகள் உளவுத்துறையின் கண்ணில் பட்டன. மற்றொருவரின் பேச்சுகள் கொலீஜியத்தின் முன் வைக்கப்பட்டனவா, வைக்கப்பட்டிருந்தால் என்ன கருதினர் என்பதை எவரும் நமக்குச் சொல்லவில்லை. ஒரு பெயருக்கு ஒரு மாதம்கூட ஆகவில்லை. மற்றொரு பெயருக்குக் காலவரையே இல்லை. ஆகவே கதவை மூடிய அறை ஒரு குறை என்றால், வந்த கோப்பைத் திறவாமல் வைத்திருக்கும் மேசை மற்றொரு குறை.

நம் மார்க்கம் சொல்வது என்ன?

நீதிபதிகள் மூவகை, இருவர் நரகத்திற்குரியவர், உண்மையை அறிந்து அதன்படியே தீர்ப்பளித்த ஒருவரே சுவனத்திற்குரியவர் என்பது நபி (ஸல்) அவர்களின் எச்சரிக்கை. ஒரு கூட்டத்தின் மீதுள்ள பகை உங்களை அநீதிக்குத் தூண்டிவிட வேண்டாம் என்பது இறைமறையின் கட்டளை. இவை தீர்ப்பளிப்பவருக்கு மட்டுமல்ல, தேர்ந்தெடுப்பவருக்கும் உரியவை.

கலீஃபா உமர் (ரழி) ஒருவரிடம் குதிரையொன்றை விலைபேசி, ஏறிச் சோதித்தபோது அது ஊனமுற்றது. திருப்பிக் கொடுக்க முயன்றார். உரிமையாளர் மறுத்தார். ஷுரைஹ் நடுவரானார். வாங்கிய நிலையில் திருப்பித் தாருங்கள், இயலாவிடில் விலை கொடுத்து எடுத்துக்கொள்ளுங்கள் என்று கலீஃபாவுக்கு எதிராகவே தீர்ப்புச் சொன்னார். உமர் (ரழி) அவரைத்தான் கூஃபாவின் காஜியாக அனுப்பினார்கள். ஆட்சிக்கு எதிராகத் தீர்ப்பளித்த ஷுரைஹுக்குப் பதவி கிடைத்தது. ஆட்சிக்கு எதிராகத் தீர்ப்பளித்த கன்னாவுக்குப் பதவி மறுக்கப்பட்டது. ஒரு நாட்டின் நீதியை அளக்க இதைவிட எளிய அளவுகோல் இல்லை.

இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்களோ கலீஃபா மன்சூர் தர வந்த காஜிப் பதவியை மறுத்துச் சிறை சென்றார்கள். அவர்களுடைய மாணவர் இமாம் அபூயூசுஃப் (ரஹ்) பின்னாளில் தலைமைக் காஜிப் பதவியை ஏற்றார்கள். ஒருவர் பதவியைக் கண்டு அஞ்சினார், மற்றவர் உள்ளே சென்று திருத்த முயன்றார். இரண்டுமே நமக்கு முன்மாதிரி.

நாம் வேண்டுவது

முழு அதிகாரத்தையும் அரசிடம் திருப்பித் தருவது தீர்வாகாது. 1973உம் 1977உம் அதற்குச் சாட்சி. இன்றைய முறை அப்படியே தொடர்வதும் தீர்வாகாது. தென்னாப்பிரிக்காவில் அரசியலமைப்பு நீதிமன்றத்திற்கு வருவோரை நீதிச்சேவை ஆணைக்குழு மக்கள் காணவே நேர்காணல் செய்கிறது. அண்டையிலுள்ள இலங்கையில் உச்ச நீதிமன்ற நியமனத்திற்கு அரசியலமைப்புப் பேரவையின் ஒப்புதல் வேண்டும். ஆட்சி மாறும்போதெல்லாம் அப்பேரவையின் வலுவைக் கூட்டியும் குறைத்தும் வந்தனர் என்பதும் நமக்கொரு பாடம்.

இங்கே குறைந்தது மூன்று வேண்டும். பரிந்துரைக்கும்போதும் மறுக்கும்போதும் காரணம் எழுத்தில் வெளிவர வேண்டும். மீண்டும் அனுப்பப்பட்ட பெயரை அரசு வைத்துக்கொண்டிருக்கக் காலவரை வேண்டும். 2021இல் உச்சநீதிமன்றம் மூன்று, நான்கு வாரம் என்று சொன்னது நடைமுறையில் உயிர்பெற வேண்டும். பரிந்துரைக்கு முன், அந்த நீதிமன்றத்தின் வழக்கறிஞர்கள் நற்கருத்தையும் மறுப்பையும் முறைப்படி தெரிவிக்க வழி வேண்டும்.

இனி நம்மை நோக்கியும் ஒரு சொல். நாம் முன்பு பணியாற்றிய ஓர் ஊரில் பேஷ் இமாம் தேர்வு, ஒரு வீட்டின் உள்ளறையில் உறவினர் நால்வரால் முடிந்தது. நன்கு ஓதிய ஹாஃபிழ் ஒருவர் காரணம் சொல்லப்படாமலே திருப்பி அனுப்பப்பட்டார். அங்கிருந்த நாமும் வாய் திறக்கவில்லை. மஷூரா என்று அதற்குப் பெயரிட்டோம். முத்தவல்லியை இப்படித் தேர்ந்தெடுக்கும் சமுதாயம் டெல்லியின் மூடிய கதவைக் குறை சொல்லும்போது அந்தக் குரலில் வலு இராது.

மற்றொன்று. 1989இல் உச்சநீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதியாக அமர்ந்தவர் எம். ஃபாத்திமா பீவி. பத்தனம்திட்டையில் பிறந்து, சட்டம் படித்து, முன்சீஃபாகப் பணி தொடங்கிப் படிப்படியாக அங்கே சென்றவர். அவருக்குப் பின் வேறொரு முஸ்லிம் பெண் அந்த இருக்கைக்கு வரவில்லை. அதற்குத் தேர்வுமுறை ஒரு காரணம் என்றால், பெண் பிள்ளை சட்டம் படிக்கிறேன் என்றதும் முகம் சுளிக்கும் நம் வீடுகளும் ஒரு காரணம். படித்து, வாதாடி, பெயர் பெற்றவர் இருந்தால்தானே பட்டியலில் பெயர் ஏறும்? ஒத்தக்கடையை அடுத்திருக்கும் மதுரைக் கிளைக்கு 2004 முதல் தென்மாவட்ட மக்கள் சென்னைவரை அலையாமல் சென்று வருகின்றனர். அங்கே மனுதாரராக மட்டுமே நம் பிள்ளைகள் நுழைய வேண்டுமா?

அந்த முதியவர் மறுபடியும் வந்தால், "நீதிபதி நம்மவரா?" என்று கேட்க வேண்டாம், "அஞ்சாதவரா?" என்று கேளுங்கள் என்போம். கேள்வி கேட்ட மாணவரிடம், மதரஸாப் படிப்பு முடிந்ததும் சட்டக் கல்லூரிக்கு விண்ணப்பம் போடு என்று ஏற்கெனவே சொல்லிவிட்டோம்.

வல்ல அல்லாஹ் நம் நாட்டின் நீதி இருக்கைகளில் தன்னை அஞ்சி நடப்போரை அமர்த்துவானாக. நம் சிறிய பொறுப்புகளிலும் நம்மை நீதியாளர்களாக ஆக்குவானாக. ஆமீன்.