பாட்டி சொன்ன அந்தச் சொல்

பந்திங் பக்கம் பால்மரம் வெட்டிய என் பாட்டி, காட்டோரத்திலிருந்து பெட்டாய் விற்க வருகிறவர்களைச் ‘சக்காய்’ என்பார். குடிக்கத் தண்ணீர் கொடுத்த கையோடுதான் அதையும் சொல்வார். அந்தச் சொல்லுக்குள் ‘அடிமை’ என்ற பொருள் இருப்பது அவருக்குத் தெரியாது. தமிழர்களான நம்மை யாராவது ‘கெலிங்’ என்றால் மட்டும் தோட்டமே கொதிக்கும்.

அவர்கள் தெமுவான் மக்கள். ஓராங் அஸ்லி, இந்த மண்ணின் பூர்வகுடிகள். அவர்களின் காட்டில் ஒரு பகுதி இன்னும் இருக்கிறது: கோல லங்காட் வடக்கு வனக்காப்பகம். அங்கிருப்பது மலாய் மொழியில் ‘தானா கம்புட்’ எனப்படும் சதுப்பு மண். உதிர்ந்த இலையும் கிளையும் தண்ணீரில் மட்காமல் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகப் படிந்து உருவான நிலம் அது. ஈரம் இருக்கும்வரை கரிமத்தைத் தன்னுள் பூட்டி வைத்திருக்கும். வாய்க்கால் வெட்டித் தண்ணீரை வடித்தால் மண்ணே விறகு. எங்கள் பக்கத்து ஜோஹான் செத்தியாவில் சதுப்பு நிலம் அப்படிப் பற்றும்போதெல்லாம் கிள்ளானில் நாங்கள் சன்னலைச் சாத்திக்கொண்டு இருமுகிறோம்.

2020 பிப்ரவரியில், இந்தக் காப்பகத்தின் சுமார் 958 ஹெக்டரில் 931 ஹெக்டரை வனக்காப்புப் பட்டியலிலிருந்து நீக்கப் போவதாக அறிவிப்பு வந்தது. எதிர்ப்பு மனுக்கள் 45,000-ஐத் தாண்டின. தெமுவான் மக்கள் காட்டுக்குள்ளிருந்து பேசினார்கள். சூழலியல் அமைப்புகள் அறிவியலைக் கொண்டுவந்தன. மலாய், சீன, தமிழ்ப் பெயர்கள் அந்த மனுக்களில் வரிசையாக நின்றன. இத்தனைக்கும் பிறகு 536 ஹெக்டருக்கு மேல் நீக்கப்பட்டுவிட்ட செய்தி 2021 ஆகஸ்டில் வெளியானது. மறுபடி கொந்தளிப்பு. செப்டம்பர் 8 அன்று அந்த முடிவைக் கைவிடுவதாக சிலாங்கூர் மந்திரி புசார் அமிருடின் ஷாரி அறிவித்தார்.

காட்டைக் காப்பது அதில் வாழ்பவர்களின் அறிவைக் காப்பதும்தான். ஆனால் பூர்வகுடி அறிவைக் காப்பது என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது அருங்காட்சியகமும் ஆவணப்படமும்தான். புலாவ் கெம்பாஸ் கிராமத்து தெமுவான் ஓவியர் ஷாக் கோயோக், தாழையோலைப் பாயில் தம் மக்களின் முகங்களை வரைகிறார். அந்த ஓலையை எப்போது அறுப்பது, எப்படிப் பதப்படுத்துவது என்பதையெல்லாம் புத்தகத்தில் எழுதி வைக்கலாம். ஓலை வளர நிலம் வேண்டுமே!

நிலம் அவர்களுடையதுதான் என்று நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது. விமான நிலைய நெடுஞ்சாலைக்காக 1995-இல் டெங்கிலின் புக்கிட் தம்போய் தெமுவான் குடும்பங்கள் வெளியேற்றப்பட்டன. சாகோங் தாசியும் மற்றவர்களும் வழக்குத் தொடுத்து 2002-இல் வென்றார்கள். 2005-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை உறுதி செய்தது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி கோபால் ஸ்ரீராம். வழிவழியாக வாழ்ந்த நிலத்தில் அவர்களுக்கு உள்ளது உரிமை, யாரோ இட்ட பிச்சை அல்ல என்பதே அதன் சாரம்.

காட்டை அழித்து எழுந்த தோட்டங்களில் உழைக்க வந்தவர்கள் நம் முன்னோர். அந்தத் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது வீடிழந்து தெருவில் நின்றவர்களும் நாமே. வெளியேற்றம் என்றால் என்னவென்று நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. அடுத்த முறை காட்டுக்காக ஒரு மனு சுற்றுக்கு வந்தால், பிரிக்ஃபீல்ட்ஸிலிருந்தும் கிள்ளானிலிருந்தும் முதல் கையெழுத்து நம்முடையதாக இருக்கட்டும். அதற்கு முன்னால் ஒன்று: வீட்டில் பெரியவர்கள் அந்தப் பழைய சொல்லைச் சொன்னால், பக்கத்தில் உட்கார்ந்து திருத்துங்கள். என் பாட்டியை நான் திருத்தவில்லை.